சரித்திரம் எழுதிய இருவர்

சதாசிவப் பேட்டையிலுள்ள பாரத இதிஹாச சம்சோதக மண்டலத்தின் வாயிலைக் கடந்து செல்வோர் நம்மில் பலர். உள்ளே நுழைந்தோர் சிலரே. 1910ஆம் ஆண்டு அதனை நிறுவிய விசுவநாத காசிநாத ராஜவாடே, ஊர் ஊராய்ச் சென்று, வீட்டுப் பரண்களிலும் பெட்டிகளிலும் கிடந்த பழங்கடிதங்களைத் தேடி எடுத்தவர். டெக்கான் கல்லூரியில் ஆங்கிலம் கற்றவராயினும், மராத்தியிலேயே எழுதுவதென உறுதி பூண்டவர். அவர் தொகுத்த மராட்டியச் சரித்திர ஆதாரங்களின் முதற் புத்தகம் 1898இல் வெளிவந்தது. பானிப்பட்டுப் போரையும் அதற்கு முந்திய ஆண்டுகளையும் பற்றிய கடிதங்கள் அதில் உள்ளன.

அதே 1898இல், அன்று ஆஸ்திரியப் பேரரசுக்கு உட்பட்டிருந்த லிவீவ் நகரில் மற்றொரு சரித்திர நூலின் முதற்பாகம் அச்சேறியது. ‘உக்ரேன்-ருஸ் நாட்டுச் சரித்திரம்’ என்பது அதன் பெயர். ஆசிரியர் மிஹைலோ ஹ்ருஷெவ்ஸ்கி. உக்ரேனில் நிகழும் போரைப் பற்றி நாளிதழில் படிக்கும் அன்பர்கள் இவர் பெயரை அறிந்திருத்தல் நலம்.

ருஷ்யப் பேரரசு உக்ரேனிய மொழியைத் தனி மொழியென்றே ஒப்பவில்லை. 1876இல் பிறந்த ஆணையொன்று அம்மொழியில் நூல் அச்சிடுவதைப் பெரும்பாலும் தடுத்துவிட்டது. ஆகவே கீவ் நகரில் பயின்ற ஹ்ருஷெவ்ஸ்கி, 1894இல் எல்லை கடந்து லிவீவ் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். அங்கே தாய்மொழியிற் கற்பிக்கவும் எழுதவும் இயன்றது. பத்துப் பாகங்களாக விரிந்த அவர் நூல், பதினேழாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், கொசாக்குகளின் காலத்தோடு நின்றுவிடுகிறது. அதற்குமேல் எழுத ஆயுள் இடந்தரவில்லை.

அவர் கூறியது யாது? கீவில் தோன்றிய பழைய ருஸ் அரசின் வழி மாஸ்கோவுக்குப் போய்விட்டதென்று ருஷ்ய ஆசிரியர்கள் எழுதிவந்தனர். அவ்வாறன்று, அரசு மாறினும் மண்ணை விட்டகலாத மக்களே அதன் வழியினர் என்றார் இவர். அரசர் வரிசையையே சரித்திரமென்று மனப்பாடம் செய்து பழகிய நமக்கு இது எளிதில் விளங்குவதில்லை. அரசே இல்லாத காலத்திலும் ஒரு மக்களுக்குச் சரித்திரம் உண்டு என்பதே அவர் கொள்கை.

எழுதியதோடு அவர் அமையவில்லை. 1917இல் ருஷ்யப் புரட்சியின்போது உக்ரேனின் மத்திய ராதா என்னும் மன்றத்துக்குத் தலைவரானார். 1918இல் போல்ஷெவிக்குகளின் பீரங்கிக் குண்டுகள் கீவில் அவர் வீட்டைத் தாக்கின. நூலகமும் கையெழுத்துப் படிகளும் எரிந்தன. பின்னர் நாடு விட்டுச் சென்றவர், ஆராய்ச்சியைத் தொடரும் பொருட்டு 1924இல் சோவியத் ஆட்சியிலிருந்த கீவுக்குத் திரும்பினார். அது பிழையென்பார் உண்டு. ஆதாரங்கள் இருக்குமிடத்தை விட்டு ஆராய்ச்சியாளன் எத்தனை காலம் அகன்றிருப்பான்? 1931இல் கைதானார், மாஸ்கோவில் வாழும்படி விதிக்கப்பட்டு, 1934இல் கிஸ்லொவோட்ஸ்க் நகரில் இறந்தார். அவருடைய நூல்களும் சோவியத் நாட்டில் வழக்கொழிந்தன.

அவற்றைக் காத்தவர்கள் புலம்பெயர்ந்தவர்களே. 1950களில் நியூயார்க்கில் முழு நூலும் மறுபதிப்பாயிற்று. 1976இல் கனடாவின் ஆல்பெர்ட்டா பல்கலைக்கழகத்தில் உக்ரேனிய ஆய்வு நிலையம் எழுந்தது. அங்கு குடியேறிய உக்ரேனியரின் பொருளுதவியோடு நடந்த ஆங்கில மொழிபெயர்ப்பின் முதற் புத்தகம் 1997இல் வெளிவந்தது. அதற்கு ஆறாண்டு முன்பே உக்ரேன் சுதந்திரம் பெற்றிருந்தது. அந்நாட்டின் ஐம்பது ஹ்ரிவ்னியா நோட்டில் இன்று இருப்பது ஹ்ருஷெவ்ஸ்கியின் உருவமே. 2021இல் ருஷ்ய அதிபர் புடின், இரு மக்களும் ஒருவரே என்று நீண்ட கட்டுரை எழுதினார். மறு ஆண்டு பிப்ரவரியில் படைகள் எல்லை கடந்தன. நூறாண்டுக்கு முந்திய புத்தகச் சண்டை இவ்வாறு உயிர்ச் சண்டையாயிற்று.

ராஜவாடேக்கு இத்தகைய துயரம் நேரவில்லை. அவர் 1926இல் துலேயில் காலமானார். அவருடைய ஆதாரத் தொகுதிகள் இருபத்திரண்டும், மண்டலத்தின் மோடி எழுத்துக் காகிதங்களும் புனாவில் இருக்கின்றன. அந்த மோடி எழுத்து நமக்கும் அயலன்று. தஞ்சையை ஆண்ட மராட்டிய மன்னர்களின் கணக்குகளும் கடிதங்களும் அதே எழுத்தில் அமைந்தவை; அவற்றைப் படித்துத் தமிழாக்கி வெளியிட்டது தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம். இரண்டாம் சரபோஜி 1803இல் தம் குலத்தின் சரித்திரத்தைப் பெரிய கோயிற் சுவரில் மராத்தியில் வெட்டுவித்தார். வந்தேறிய மராட்டியர் அங்கே கல்லில் எழுதி வைத்தனர். இங்கு வந்த தமிழர் எதில் எழுதி வைத்தோம் என்று அன்பர் ஒருவர் கேட்டபோது எனக்கு விடை தோன்றவில்லை.

சென்ற ஆண்டு வீடு மாறுகையில், என் தந்தையார் கட்கியிலிருந்து வேலை பார்த்த காலத்தில் ஊரிலிருந்து வந்த கடிதக் கட்டொன்றைப் பழைய காகிதக்காரரிடம் எடைக்குப் போட்டோம். நான்கு கிலோ இருந்தது.