நினைவில் இல்லாத உலகக் கோப்பை

கல்கத்தாவில் வெள்ளி ரூபாய்களை உருக்கி ஒரு கோப்பை செய்த கதையை நம் வாசகர்களில் எத்தனை பேர் கேட்டிருப்பீர்களோ தெரியாது. 1873-ல் அங்கிருந்த வெள்ளைக்காரர்கள் ரக்பி ஆடுவதற்காக ஒரு கிளப் தொடங்கினார்கள். வங்காளத்து வெயிலில் அந்த ஆட்டம் அதிக நாள் தாக்குப்பிடிக்கவில்லை. 1878-ல் கிளப்பைக் கலைத்தபோது வங்கியில் மிச்சமிருந்த 270 வெள்ளி ரூபாயை எடுத்து உருக்கினார்கள். நாகப்பாம்புகளைக் கைப்பிடியாகவும் யானையை மூடியின் மேலும் வைத்துக் கோப்பை செய்து இங்கிலாந்துக்கு அனுப்பினார்கள். 1879 முதல் இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் அந்தக் கல்கத்தா கோப்பைக்காக மோதி வருகின்றன. 2002 பிப்ரவரியில் எடின்பரோ நகரில் நடந்த அப்படியொரு ஆட்டத்தில்தான் ஸ்டீவ் தாம்சன் என்னும் 23 வயது இளைஞர் முதன்முதலாக இங்கிலாந்துச் சட்டை அணிந்தார். அவரைப் பற்றித்தான் எழுத வந்தேன்.

பாறசாலையிலும் நெய்யாற்றின்கரையிலும் இருக்கிற நமக்கு ரக்பியோடு என்ன உறவு என்று கேட்கலாம். அமரவிளையிலோ தனுவச்சபுரத்திலோ அந்த நீள்வட்டப் பந்தை நான் கண்டதில்லை. மாலை நேரத்தில் பையன்கள் ஆடுவது கால்பந்து. களியக்காவிளை தாண்டினால் கபடியும் உண்டு. கடலோரத்துப் பொழியூரைச் சொல்லவே வேண்டாம். சந்தோஷ் டிராபிக்கு ஆட்டக்காரர்களை அனுப்பிய ஊர் அது. 2018-ல் கோப்பை வென்ற கேரள அணியிலும் பொழியூர்க்காரர் இருந்தார். ஆனாலும் தாம்சனின் கதை நம் பையன்களைத் தொடுகிற இடம் ஒன்று இருக்கிறது. அதற்கு முன் அவர் செய்த வேலை என்ன என்று சொல்லிவிடுகிறேன். ரயில்வேயில் காலம் கழித்தவனுக்கு அது சுலபமாகப் புரிகிற வேலை.

ரக்பி யூனியனில் ஒரு பக்கத்துக்கு 15 பேர். அவர்களில் 8 பேர் முன்னணிக்காரர்கள். மற்ற 7 பேர் ஓடிப் புள்ளி எடுப்பவர்கள். சிறு தவறு நேர்ந்து ஆட்டம் நின்றால் இரு பக்கத்து எட்டுப் பேரும் மூன்று வரிசையாகக் குனிந்து, தோளோடு தோள் கோர்த்து, எதிரணியோடு முட்டி நிற்பார்கள். இதற்கு ஸ்க்ரம் என்று பெயர். நடுவில் உருட்டிவிடும் பந்தைக் காலால் பின்னுக்கு இழுத்துக்கொள்ள வேண்டும். முன்வரிசையில் மூன்று பேர். இரு ஓரத்திலும் நிற்பவர்களுக்கு ப்ராப், அதாவது முட்டுக்கொடுப்பவர், என்று பெயர். நடுவில் நின்று பந்தை இழுப்பவர் ஹூக்கர், நம் பாஷையில் கொக்கிக்காரர். பழைய கூட்ஸ் வாகன்களைப் பார்த்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம்: இரண்டு பக்கமும் பஃபர், நடுவில் கொக்கி. தாம்சன்தான் அந்தக் கொக்கி. இரண்டு கைகளும் பக்கத்து ஆட்களின் தோள்மேல் கிடப்பதால் அவருக்குத் தடுத்துக்கொள்ளக் கையும் கிடையாது. வருவதையெல்லாம் கழுத்தும் தோளும்தான் வாங்க வேண்டும்.

எவ்வளவு வரும்? இங்கிலாந்தின் பாத் பல்கலைக்கழகத்தார் கருவி பொருத்தி அளந்து பார்த்திருக்கிறார்கள். சர்வதேச அணியின் எட்டுப் பேர் சேர்ந்து மோதுகிற அந்த ஒரு கணத்தில் ஒன்றரை டன்னுக்கும் அதிகமான விசை பிறக்கிறது. முன்வரிசை மூவரின் வழியாகத்தான் அது போகிறது. ஷண்டிங் யார்டில் வாகன் வந்து இடிக்கும்போது பஃபருக்குள் ஸ்பிரிங் இருக்கும். மனிதக் கழுத்தில் இருப்பது ஏழு எலும்புகளும் இடையில் கொஞ்சம் குருத்தெலும்பும்.

தாம்சன் 1978-ல் பிறந்தவர். ஆறடி இரண்டு அங்குல உயரம், 115 கிலோவுக்கு மேல் எடை. நார்தாம்ப்டன் கிளப்பில் பின்வரிசை ஆட்டக்காரராக இருந்தவரைக் கொக்கிக்காரராக மாற்றினார்கள். இந்த வேலைக்கு இன்னொரு பொறுப்பும் உண்டு. பந்து பக்கக் கோட்டைத் தாண்டிப் போனால் அதை உள்ளே எறிவதும் அவரே. இரண்டு வரிசைகளுக்கு நடுவே, குறித்த ஆள் குதிக்கும் உயரத்துக்கு, குறித்த நொடியில் எறிய வேண்டும். முரட்டு வேலைக்காரரிடம் தையற்காரரின் கை நிதானத்தையும் எதிர்பார்க்கிற பதவி இது.

2003 நவம்பர் 22, சிட்னி. உலகக் கோப்பை இறுதி ஆட்டம், இங்கிலாந்தும் ஆஸ்திரேலியாவும். கூடுதல் நேரம் முடிய ஏறக்குறைய ஒரு நிமிடமே இருக்கிறது. இரு பக்கமும் 17 புள்ளிகள். பக்கக் கோட்டிலிருந்து பந்தை எறிய வேண்டியவர் தாம்சன். பக்கத்தில் எறிந்தால் பத்திரம், ஆனால் பயன் குறைவு. அவர் வரிசையின் கடைசி ஆளுக்கு, லூயிஸ் மூடிக்கு, நீளமாக எறிந்தார். எறி பிசகவில்லை. அங்கிருந்து நகர்ந்த பந்தைத்தான் ஜானி வில்கின்சன் வலது காலால் உதைத்துக் கம்பங்களுக்கிடையே அனுப்பினார். 20-17. வட துருவப் பாதியிலிருந்து ஒரு நாடு ரக்பி உலகக் கோப்பையை வென்றது அதுவே முதல் தடவை. வில்கின்சனின் அந்த உதையை உலகமே அறியும். எறிந்தவரைப் பற்றிப் பேசுபவர் குறைவு. இது எல்லாத் தொழிலிலும் உள்ளதுதான்.

அதே ஆட்டத்தின் கூடுதல் நேரத்தில் மாற்று ஆளாக இறங்கியவர் ஜேசன் லெனார்ட் என்ற 35 வயது ப்ராப். இவரையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். லண்டனுக்குக் கிழக்கே பார்க்கிங் என்ற ஊர்க்காரர், தொழிலால் தச்சர். 1990-ல் இங்கிலாந்து அணிக்குள் வந்தபோது ரக்பி யூனியனில் ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்குவதே குற்றம். பகலில் உளி, மாலையில் பயிற்சி. 1992-ல் அவர் கழுத்துத் தட்டு கிழிந்து வலது கை வலுவிழந்தது. இடுப்பிலிருந்து எலும்பு எடுத்துக் கழுத்தில் வைத்துச் சீராக்கினார்கள்; அடுத்த பருவத்துக்குத் திரும்பிவிட்டார். 1995 ஆகஸ்டில் பாரிஸில் கூடிய சர்வதேசக் குழு சம்பளத் தடையை நீக்கியது. லெனார்ட் அதற்குப் பிறகும் ஆடி, 114 ஆட்டங்களோடு 2004-ல் ஓய்வு பெற்றார்.

லெனார்ட் பாதிக் காலம் தச்சராகவும் ஆடியவர். தாம்சனோ 1995-க்குப் பிறகு வந்த தலைமுறை, முழுநேரச் சம்பளக்காரர். சம்பளம் வந்தது நல்லதுதான். ஆனால் சம்பளம் வந்ததும் வாரத்தின் எல்லா நாளும் முதலாளிக்குச் சொந்தமாகிவிட்டது. சனிக்கிழமை ஆட்டத்தில் ஒருவர் இருபது ஸ்க்ரமில் முட்டுகிறார் என்றால், வார நாட்களில் இரும்புச் சட்டத்தாலான ஸ்க்ரம் இயந்திரத்தில் அதைப்போலப் பல மடங்கு. தாம்சன் பிற்காலத்தில் பேட்டிகளில் சொன்னதும் இதையே. தம்மைக் கெடுத்தது ஆட்டம் என்பதைவிடப் பயிற்சி என்கிறார். முட்டி எழும்போது கண்முன் வெளிச்சப் பொட்டுகள் தெரியுமாம். கொஞ்சம் நின்றுவிட்டு மறுபடி குனிவாராம்.

இந்த இடத்தில்தான் எனக்குத் தண்டவாளம் நினைவுக்கு வருகிறது. 1842-ல் பாரிஸுக்கும் வெர்சாய்க்கும் இடையே ஓடிய ரயிலில் எஞ்சின் அச்சு முறிந்து ஐம்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். நல்ல இரும்பு ஏன் முறிந்தது என்று அப்போது யாருக்கும் விளங்கவில்லை. பின்னர் ஜெர்மன் ரயில்வே பொறியாளர் வோலர் பல ஆண்டுகள் அச்சுகளைச் சுழற்றிச் சோதித்து விடை கண்டார். ஒரே அடியில் முறிக்க முடியாத இரும்பை, அதைவிடச் சிறிய சுமை லட்சம் தடவை வந்து முறித்துவிடும். வெளியில் தழும்பு தெரியாது; உள்ளே விரிசல் வளரும். எங்கள் பெர்மனென்ட் வே பிரிவில் பாதி வேலை இந்தப் பயத்தில்தான் நடந்தது. 60 கிலோ தண்டவாளம் ஒன்றின் மேல் 80 கோடி டன் பாரம் ஓடியதும் அது பார்வைக்குப் புதிது போல இருந்தாலும் மாற்ற வேண்டும் என்பது என் பணிக்காலத்துக் கணக்கு. அதுவரையும் சும்மா விடுவதில்லை. அல்ட்ராசோனிக் கருவியோடு ஆட்கள் நடந்து உள்விரிசலைத் தேடுவார்கள். கண்டால் பெயின்ட்டால் குறி போட்டு வேகத்தைக் குறைப்பார்கள். எத்தனை டன் ஓடியது என்ற கணக்கு இரும்புக்கு இருந்தது. தாம்சனின் கழுத்தும் தலையும் எத்தனை முட்டு வாங்கின என்று யாரிடமும் ஏடு இல்லை.

2007-ல் கழுத்துக் காயத்தால் அவர் ஓய்வு அறிவித்தார். பிறகு பிரான்ஸின் பிரீவ் நகரத்துக் கிளப்புக்காகத் திரும்ப ஆடவும் வந்தார். இங்கிலாந்து அணி மறுபடி அழைத்தது. 2011 உலகக் கோப்பைக்கும் போனார். அந்த ஆண்டின் இறுதியில் மீண்டும் கழுத்து. இம்முறை முடிவாக நிறுத்தினார். மொத்தம் 73 சர்வதேச ஆட்டங்கள். ஒருமுறை விரிசல் கண்ட தண்டவாளத்தை யாரும் மெயின் லைனில் போடமாட்டார்கள். ஆனால் தண்டவாளம் ஆசைப்படுவதில்லை; மனிதன் ஆசைப்படுகிறான். அதனால் அவரை மட்டும் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

2020 டிசம்பரில் செய்தி வந்தது. 42 வயதில் தாம்சனுக்கு மறதி நோய். சி.டி.இ. எனப்படும், தலையில் திரும்பத் திரும்ப அடிபட்டவர்களுக்கு வரும் மூளைத் தேய்வாக இருக்கக்கூடும் என்றார்கள் மருத்துவர்கள். 2003 இறுதி ஆட்டத்தின் படத்தைப் போட்டுப் பார்க்கிறார். திரையில் தாம் இருப்பது தெரிகிறது, அங்கே இருந்த நினைவு ஒன்றுகூட இல்லை. அந்தக் கடைசி எறியும் இல்லை. கோப்பையைக் கையில் வாங்கியதும் இல்லை. சில வேளை மனைவியின் பெயரே வாயில் வருவதில்லை என்கிறார்.

இது தெரியாத நோய் என்று சொல்ல முடியாது. குத்துச்சண்டைக்காரர்களிடம் காணும் இந்தத் தடுமாற்றத்தை 1928-லேயே அமெரிக்க மருத்துவர் ஒருவர் மருத்துவ இதழில் எழுதிவிட்டார். ரக்பிக்காரர்கள் அதைத் தங்கள் வீட்டுக்கு வந்த கடிதமாக எண்ணவில்லை. 2022-ல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தார் ஸ்காட்லாந்துக்கு ஆடிய 412 பழைய ரக்பிக்காரர்களை ஆராய்ந்தார்கள். மூளை, நரம்பு தேயும் நோய்கள் மற்றவர்களைவிட ஏறத்தாழ இரண்டரை மடங்கு அதிகமாக இருந்தன. அவர்களில் பெரும்பாலோர் சம்பளமில்லாக் காலத்தவர்கள். ஆகவே பழங்காலம் பத்திரமானது என்ற எண்ணத்துக்கும் இடமில்லை. தொழிலாகிய பிறகு சுமை ஏறியது என்பதே சரி.

நம் பையன்களைத் தொடும் இடம் என்று சொன்னேன் அல்லவா? அதே கிளாஸ்கோ குழு 2019-ல் கால்பந்துக்காரர்களையும் ஆராய்ந்தது. ஸ்காட்லாந்தின் பழைய தொழில்முறை ஆட்டக்காரர்கள் இந்த வகை நோய்களால் இறப்பது மற்றவர்களைவிட மூன்றரை மடங்கு அதிகம். பின்னர் ஆட்ட இடத்தைப் பிரித்துப் பார்த்தபோது தடுப்பாட்டக்காரர்களுக்கு ஆபத்து மிகுதி. பந்தைத் தலையால் முட்டாத கோல்கீப்பர்களுக்கு அப்படி ஏதும் கூடுதலாக இல்லை. இங்கிலாந்தின் புகழ்பெற்ற கால்பந்துக்காரர் ஜெஃப் ஆஸ்ல் 2002-ல் 59 வயதில் இறந்தபோது, விசாரணை அதிகாரி எழுதிய காரணம் 'தொழில் நோய்'. சுரங்கத்தில் தூசி தின்றவனுக்கு எழுதுகிற அதே வார்த்தை! 2020 முதல் இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வட அயர்லாந்து ஆகியவற்றில் 11 வயதுவரை உள்ள குழந்தைகளுக்குப் பயிற்சியில் தலையால் முட்டக் கற்பிப்பதில்லை. பொழியூர் மணலிலும் நம் பள்ளி மைதானங்களிலும் எட்டு வயதுப் பையனை நிறுத்தி, பந்தைத் தூக்கிப் போட்டு, முட்டு முட்டு என்கிறோம். நான் கால்பந்துக்கு எதிரி அல்ல. அந்த ஒரு பயிற்சியைச் சில ஆண்டு தள்ளிவைத்தால் ஆட்டம் கெட்டுவிடாது என்றே நினைக்கிறேன்.

ரக்பியிலும் சில மாற்றங்கள் வந்துவிட்டன. 2013-ல் ஸ்க்ரம் விதியை மாற்றினார்கள். தூரத்திலிருந்து பாய்ந்து மோதாமல், முதலில் எதிராளியைப் பிடித்துக்கொண்டு பிறகு முட்ட வேண்டும். மோதும் விசை கால் பங்குவரை குறைந்தது. 2021-ல் வாரத்துக்கு 15 நிமிடத்துக்கு மேல் முழு மோதல் பயிற்சி வேண்டாம் என்று உலக ரக்பி அமைப்பு அறிவுறுத்தியது. 2024 முதல் உயர்மட்ட ஆட்டக்காரர்களின் பற்காப்புக்குள் அதிர்வை அளக்கும் கருவி வந்தது. இப்போதாவது ஏடு திறந்தார்கள்.

தாம்சனும் கூட்டாளிகளும் உலக ரக்பி அமைப்பின் மீதும், இங்கிலாந்து, வேல்ஸ் சங்கங்களின் மீதும் வழக்குத் தொடுத்தார்கள். 2023 டிசம்பரில் நீதிமன்றத்தில் வெளியான பெயர்களில் பில் விக்கரியும் மார்க் ரீகனும் இருந்தார்கள். விக்கரி யார் தெரியுமா? சிட்னி இறுதி ஆட்டத்தில் தாம்சனின் வலது பக்கம் தோள் கோர்த்து நின்றவர். ரீகன் அதே குழுவின் இன்னொரு கொக்கிக்காரர்.

சி.டி.இ. நோயை உயிரோடு இருப்பவரிடம் உறுதிசெய்ய வழியில்லை. மூளையை வெட்டி நுண்ணோக்கியில் பார்த்தால்தான் தெரியும். தமக்குப் பின் தம் மூளையை ஆராய்ச்சிக்குக் கொடுப்பதாக தாம்சன் 2021-ல் எழுதிக் கொடுத்துவிட்டார். ஆஸ்லின் குடும்பத்தார் நடத்தும் அறக்கட்டளையும் சேர்ந்து அமைத்த மூளை வங்கிக்குத்தான் அது போகும்.