உலகப் போரும் மன்னார்க் கடலும்

உலகப் போர் என்றவுடன் பெருங்கடற் சமர்களும் வானிலிருந்து பொழிந்த குண்டுகளுமே நம் நினைவுக்கு வருகின்றன. இலங்கையைப் பொறுத்தவரை கொழும்பும் திருகோணமலையுமே அப்போருடன் இணைத்துப் பேசப்படுவன. மன்னார்த் தீவையும் அதனை அடுத்த கரையையும் இத்தொடர்பில் நினைப்பார் மிகச் சிலரே. ஆயினும், குண்டு விழாமையால் ஓரிடத்தைப் போர் தீண்டவில்லை எனக் கொள்ளுதல் பொருந்தாது. போர்க்கப்பல்கள் மன்னாரை அணுகாமைக்கும், போரின் விளைவுகள் மன்னாரினூடாகச் சென்றமைக்கும் காரணம் ஒன்றே. அஃது அக்கடலின் ஆழமின்மையாகும். அதனை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கம்.

தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையே மணற்றிட்டுகளாகவும் ஆழங் குறைந்த நீர்ப்பரப்பாகவும் ஆதாம் பாலம் கிடக்கின்றது. சிறு மரக்கலங்கள் கடலாண்ட காலத்தில் இவ்விடம் பெருவாயிலாக விளங்கியது. மாதோட்டத் துறைமுகம் அக்காலச் சிறப்பிற்குச் சான்று. போர்த்துக்கேயர் 1560இல் மன்னாரிற் கோட்டை கட்டியதும், ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைக் கைக்கொள்ளுமுன் 1658இல் அக்கோட்டையைப் பிடித்ததும் இதனாலேயே. பின்னர் நீராவிக் கப்பல்களும் இரும்புப் போர்க்கலங்களும் தோன்றின. அவை மிதத்தற்கு ஆழ்ந்த நீர் வேண்டும். ஆகவே, வங்கக் கடலிலிருந்து மேற்கே செல்லும் பெருங்கப்பல்கள் இலங்கையைச் சுற்றியே செல்லவேண்டியனவாயின.

முதலாம் உலகப் போரில் இவ்வுண்மை தெளிவாயிற்று. 1914 செப்டெம்பர் 22ஆம் நாள் ஜேர்மானியரின் எம்டன் என்னுங் கப்பல் சென்னை மீது குண்டு வீசியது. அஃது அடுத்துக் கொழும்புக்கு அண்மையான கடலில் வணிகக் கப்பல்களை வேட்டையாடியபோது, குறுக்கே பாக்கு நீரிணையினூடாக வரவில்லை. இலங்கையின் கிழக்கையும் தெற்கையும் சுற்றியே வந்தது. அவ்வாண்டிலேதான் பாம்பன் பாலமும், தனுஷ்கோடி - தலைமன்னார்க் கப்பற் சேவையும், மதவாச்சியிலிருந்து தலைமன்னார் வரையிலான இருப்புப்பாதையும் பயன்பாட்டிற்கு வந்தன. போர்க்கப்பலுக்கு அடைபட்ட அக்கடல், பயணிகளுக்கு ஏறத்தாழ இருபத்திரண்டு மைல் தொலைவுள்ள நடைபாதையாயிற்று.

இரண்டாம் உலகப் போரில் 1942 பெப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூரும், மார்ச் 8ஆம் நாள் இரங்கூனும் யப்பானியர் வசமாயின. இலங்கையின் படைத் தலைமை தளபதி லேட்டன் கையில் ஒப்படைக்கப்பட்டது. ஏப்ரில் 4ஆம் நாள் கொக்கலையிலிருந்து பறந்த பேர்ச்சல் என்னும் கனேடிய விமானி, நகுமோவின் கப்பற்படையைத் தெற்கே கண்டு செய்தி அனுப்பினார். மறுநாள் கொழும்பும், 9ஆம் நாள் திருகோணமலையும் தாக்கப்பட்டன. டோர்செற்சயர், கோண்வால் என்னும் போர்க்கப்பல்களும், மட்டக்களப்புக்கு அப்பால் ஹேர்மிஸ் என்னும் விமானந்தாங்கியும் கடலுள் ஆழ்ந்தன. வேறொரு யப்பானியப் படை வங்கக் கடலில் இருபதுக்கு மேற்பட்ட வணிகக் கப்பல்களை அழித்தது. விமானத்திற்கு ஆழமற்ற கடல் தடையன்று. ஆயினும் அது தேடியது துறைமுகத்தையும் கப்பற் கூட்டத்தையுமே. மன்னாரில் இவ்விரண்டும் இல்லை.

நிற்க. கொழும்பிற் குண்டு விழுந்ததும் மக்கள் நகரைவிட்டு வெளியேறினர். இந்திய வணிகரும் தொழிலாளரும் பலர் தலைமன்னார் வழியே தாயகந் திரும்பினர். 1939 ஆகஸ்டிலேயே இந்திய அரசாங்கம் பயிற்சியற்ற தொழிலாளர் இலங்கைக்குச் செல்வதைத் தடைசெய்திருந்தது. ஆதலால் இத்துறையிற் போதல் எளிதாகவும், மீளல் அரிதாகவும் இருந்தது. மலாயா வீழ்ந்தபின் நேசநாடுகளுக்கு இலங்கை இறப்பர் இன்றியமையாததாயிற்று. அவ்விறப்பரைத் தந்த தோட்டங்களில் உழைத்தோருட் பெரும்பாலார் மண்டபம் முகாமையும் தலைமன்னாரையுங் கடந்து வந்த குடும்பத்தினரே என்பதை நாம் மறத்தலாகாது. அக்கடலை வேறு நோக்கத்துடன் கடந்தோரும் உளர். 1942 ஏப்ரில் 7ஆம் நாள் கண்டிச் சிறையிலிருந்து தப்பிய இடதுசாரித் தலைவர்களான என். எம். பெரேரா, பிலிப் குணவர்த்தனா, கொல்வின் ஆர். டி சில்வா ஆகியோர், பின்னர் இரகசியமாகப் பாக்கு நீரிணையைத் தாண்டி இந்தியாவை அடைந்தனர். கப்பற்படைகளால் நுழையவியலாத கடல் சிறு தோணிக்கு வழிவிட்டது.

போரின் மற்றொரு விளைவு வயிற்றைத் தொட்டது. இலங்கை மக்கள் உண்ட அரிசியிற் பெரும்பகுதி வெளிநாடுகளிலிருந்து, சிறப்பாகப் பர்மாவிலிருந்து, வந்தது. இரங்கூன் வீழ்ந்ததும் அவ்வழி அடைபட்டது. அரிசி பங்கீட்டு முறைக்கு உட்பட்டது. கோதுமை மா வீடுதோறும் புகுந்தது. கூட்டுறவுப் பண்டகசாலைகள் ஊர்தோறும் பெருகின. நெல் விளையும் ஒவ்வொரு நிலமும் போர்க்களத்திற்கு ஒப்பான மதிப்பைப் பெற்றது. கட்டுக்கரைக் குளத்து நீரை நம்பிய மன்னார்ப் பெருநிலப்பரப்பின் வயல்களும் அத்தகையனவே. குளத்தைப் பேணுதலும் நாட்டின் பாதுகாப்பே என்பதை அப்போர் உணர்த்தியது.

போர் முடிந்தபின் அரசியல் மாற்றங்கள் விரைந்து வந்தன. 1943இல் பிரித்தானியா அளித்த வாக்குறுதியும் சோல்பரிக் குழுவின் விதந்துரையும் 1948 பெப்ரவரி 4ஆம் நாட் சுதந்திரத்திற்கு வழிகோலின. ஆனால் அவ்வாண்டே நிறைவேறிய பிரசாவுரிமைச் சட்டத்தால், போர்க்காலத்தில் இறப்பர் தந்த தோட்டத் தொழிலாளருட் பெரும்பாலார் நாடற்றவராயினர். 1964ஆம் ஆண்டு சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி அவர்களுட் பல இலட்சம் பேர் இந்தியாவுக்கு அனுப்பப்பட முடிவாயிற்று. அவ்வாண்டு டிசெம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழித்தபின், கப்பல் இராமேசுவரத்திற்கும் தலைமன்னாருக்குமிடையே ஓடியது. முன்னோர் வந்திறங்கிய துறையிலேயே அவர்தம் வழித்தோன்றல்கள் கப்பலேறினர். உள்நாட்டுப் போரின் தொடக்கத்தில், 1984இல், அச்சேவையும் நின்றது.

வெற்றி தோல்விகளை மட்டும் எண்ணுவது போரின் வரலாறாகாது. எக்கப்பல் எங்கே அமிழ்ந்தது என்பதோடு, எவர் எவ்வழியாற் சென்றனர், எவர் மீள இயலாது நின்றனர் என்பதையும் ஆராய்தல் வேண்டும். அவ்வாறு நோக்கின், ஒரு குண்டும் விழாத தலைமன்னார்த் துறையும் உலகப் போர் வரலாற்றில் இடம்பெறத் தக்கதேயாம்.