கோட்டைக்குள் ஒரு கோயில்

சென்னைக் கடற்கரையை அடுத்துள்ள தூய ஜார்ஜ் கோட்டைக்குள், வெண்ணிறக் கூர்ங்கோபுரம் ஒன்று ஓங்கி நிற்கிறது. அதுவே தூய மேரி தேவாலயம். இந்தியாவில் இன்றும் நிலைத்திருக்கும் ஆங்கிலத் திருச்சபைக் கோயில்களுள் இதுவே மிகப் பழமையானது என்பர்.

ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பெனியார் வாணிகத்தின் பொருட்டு இங்கே கோட்டை எழுப்பிச் சில பத்தாண்டுகள் கழிந்தும், தொழுகைக்கெனத் தனிக் கோயில் அமையவில்லை. ஸ்ட்ரெயின்ஷாம் மாஸ்டர் என்பவர் ஆளுநரானதும் அக்குறையைப் போக்க முற்பட்டார். கோட்டையில் வாழ்ந்தோரே பொருள் திரட்டினர். 1678ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 25ஆம் நாள் வேலை தொடங்கியது. அது மரியன்னைக்குரிய திருநாளாதலின், கோயிலும் அவ்வன்னையின் பெயரையே பெற்றது. 1680ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் திருநிலைப்படுத்தப் பெற்றது. கோபுரம் பின்னாளில் எழுந்தது.

அக்காலம் போர் மலிந்த காலம். ஆகவே, பீரங்கிக் குண்டுக்கும் அசையாதவாறு சுவர்களை ஏறத்தாழ நான்கடிக் கனத்தில் அமைத்தனர். கூரையையும் செங்கல்லால் வளைவாகக் கட்டினர். 1758ஆம் ஆண்டு இறுதியில் பிரெஞ்சுத் தளபதி லாலி கோட்டையை முற்றுகையிட்டார். கோட்டைக்கு வெளியே இருந்த பழைய இடுகாட்டின் சமாதிகள் பிரெஞ்சுப் படையினர்க்கு மறைவிடங்களாயின. முற்றுகை நீங்கிய பின்னர், அங்கிருந்த கல்லறைக் கற்களைப் பெயர்த்துக் கொணர்ந்து கோயிலின் முற்றத்தில் பரப்பினர். அவற்றுள் ஒன்று 1652ஆம் ஆண்டினது.

கோயிலின் பதிவேடுகள் அக்கால மக்கள் வாழ்வைக் காட்டும் கண்ணாடியாகும். எலிஹு யேல் 1680இலும், இராபர்ட் கிளைவ் 1753இலும் இங்கே மணம் புரிந்தனர். புகழ்பெற்றோர் பெயர்களின் அருகிலேயே, பெயரறியாப் போர்வீரர்களும் பச்சிளங் குழந்தைகளும் மாண்ட செய்திகளும் காணப்படுகின்றன. வீரர் பலர் நோயாலும் போராலும் மடிந்தனர்; அவர்தம் பிள்ளைகள் திக்கற்றவராயினர். அப்பிள்ளைகளைக் காப்பவர் யார்?

அவ்வினாவிற்கு விடையாகவே கோயிலின் அறப்பணி வளர்ந்தது. காணிக்கையாகச் சேர்ந்த பொருள் ஏழையர்க்குப் பயன்பட்டது. 1715இல் வறியோர் பிள்ளைகளுக்கென அறப்பள்ளி ஒன்று தொடங்கப்பெற்றது. அவ்வழியிலேயே, 1789இல் படைவீரர்களின் ஆண்மக்களுக்கென எழும்பூரில் அநாதை இல்லம் ஒன்று எழுந்தது. அதன் மேற்பார்வையில் இத்தேவாலயத்தாரும் பங்கு கொண்டனர். அச்சிறுவருள் பெரும்பாலோர்க்குத் தந்தை ஐரோப்பியர். தாய் இந்தியப் பெண்மணி. இவர்கள் கல்விக்குத் தகுதியற்றவர் என்று பலர் இகழ்ந்தனர்.

இல்லத்தின் பொறுப்பை ஏற்ற ஆண்ட்ரூ பெல் என்னும் பாதிரியார் அவ்வாறு எண்ணவில்லை. ஒருநாள் அவர் சென்னையை அடுத்த ஒரு திண்ணைப்பள்ளியைக் கண்டார். சிறுவர்கள் தரையில் மணலைப் பரப்பி, விரலால் எழுத்துகளை எழுதிப் பழகினர். செலவில்லாத இம்முறையைத் தம் பள்ளியிலும் புகுத்த விரும்பினார். ஆசிரியர்களோ உடன்படவில்லை. பெல் மனந்தளராது, எட்டு வயதுச் சிறுவன் ஒருவனை அழைத்து, கீழ் வகுப்பினர்க்கு மணலில் எழுத்தறிவிக்கும் பணியை ஒப்படைத்தார். ஆசிரியர்கள் செய்ய மறுத்ததை அச்சிறுவன் செவ்வனே செய்து காட்டினான். மூத்த மாணாக்கர் இளையோர்க்குக் கற்பிக்கும் முறை அங்கே வேரூன்றியது.

பெல் தாய்நாடு திரும்பி, 1797இல் இம்முறையை விளக்கி நூல் வெளியிட்டார். ‘மதராஸ் முறை’ என்னும் பெயரோடு அது இங்கிலாந்தின் ஏழைக் குழந்தைகள் பயின்ற பள்ளிகளில் பரவியது. அவர் பிறந்த ஊராகிய ஸ்காத்லாந்தின் செயிண்ட் ஆண்ட்ரூஸ் நகரில், ‘மதராஸ் கல்லூரி’ என்னும் பள்ளி இன்றும் நடைபெறுகிறது.

1947இல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது தூய மேரி தேவாலயமும் அதில் இணைந்தது. கோட்டையை ஆண்டவர்கள் போயினர். கோயிலில் வழிபாடு தொடர்கிறது. பகைவரின் குண்டுகளைத் தாங்குவதற்கென அதன் சுவர்கள் கனமாகக் கட்டப்பட்டன. ஆயினும், அக்கோயிலைச் சார்ந்தோர் உலகிற்கு அளித்த பெருங்கொடை அச்சுவர்களுக்கு வெளியே விளைந்ததாகும். திக்கற்ற பிள்ளைகளுக்குக் கல்வி தர முனைந்தவர்கள், தமிழ்நாட்டுத் திண்ணையில் அமர்ந்திருந்த ஏழைச் சிறுவரிடம் கல்வி முறையைக் கற்றனர். பிறர்க்கு உதவ முற்படுவோர் பிறரிடமிருந்து கற்கவும் வேண்டும் என்பதை இவ்வரலாறு நமக்கு உணர்த்துகிறது.