ஓடிய சக்கரமும் மூடிய கதவும்

திண்டிவனத்துக்கு அருகே ஓமந்தூர் என்றொரு கிராமம் இருக்கிறது. பாரத தேசம் சுதந்திரம் அடைந்த 1947-ஆம் ஆண்டில் சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியாக விளங்கிய ஸ்ரீ ஓ. பி. ராமசாமி ரெட்டியார் பிறந்த ஊர் அது. அந்தப் பக்கத்துச் சாலையில் ஒரு காலை வேளையில் நாம் நின்றுகொண்டிருந்தோம். பள்ளிக்கூடத்துக்குச் செல்லும் பிள்ளைகள், சர்க்கார் இலவசமாக அளித்த சைக்கிள்களில் வரிசை வரிசையாகப் போய்க்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒரு பையன் கைப்பிடியின்மேல் மார்பு படும்படி குனிந்து, முன்னால் சென்ற தோழர்கள் எல்லோரையும் ஒரே வீச்சில் முந்திக்கொண்டு பறந்தான். டீக்கடை வாசலில் அமர்ந்திருந்த ஒரு பெரியவர், "அடே! இப்படிப் பறக்கிறாயே, சைக்கிளா உனக்குச் சோறு போடப் போகிறது?" என்று அதட்டினார்.

பையன் திரும்பியும் பார்க்கவில்லை. ஆனால் பெரியவரின் கேள்வி நம் மனத்தில் தங்கிவிட்டது. சைக்கிள் சோறு போடுமா? போட்டதுண்டு. சோறு மாத்திரமா? உலகப் புகழையும், சொந்த வீட்டையும், கடல் கடந்த மரியாதையையும் ஒரு மனிதருக்கு அது தந்தது. பிறகு அவரைத் தர்ம ஆஸ்பத்திரியின் கட்டிலிலே கொண்டுபோய் விட்டதும் உண்டு. அவருடைய சரித்திரத்தை நம் நேயர்கள், முக்கியமாக வீட்டிலுள்ள பிள்ளைகள், அறிந்துகொள்ள வேண்டும்.

'மேஜர்' ஆன கதை

மார்ஷல் வால்டர் டெய்லர் 1878-ஆம் ஆண்டு நவம்பர் 26-ஆம் தேதி அமெரிக்காவில் இண்டியானாபொலிஸ் நகருக்கு அருகே ஓர் எளிய கறுப்பர் குடும்பத்தில் பிறந்தார். அந்நாட்டில் அடிமை முறை ஒழிந்து அப்போது பதின்மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன. தந்தை கில்பர்ட் டெய்லர், அந்த அடிமைத் தளையை அறுத்த உள்நாட்டுப் போரில் வடவர் பக்கம் நின்று போரிட்டவர். பின்னர் ஸதர்ட் என்னும் வெள்ளைக்காரச் செல்வரிடம் கோச்சு வண்டிக்காரராக வேலை பார்த்தார். அவ்வீட்டுப் பையனுக்கு விளையாட்டுத் தோழனாகச் சேர்ந்த மார்ஷலுக்கு, அவன் உடுத்தியது போன்ற உடையும், அவன் ஓட்டியது போன்ற சைக்கிளும் கிடைத்தன. ஆனால் தோழர்கள் எல்லோரும் வாலிபர் சங்கத்தின் உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போனபோது மார்ஷல் மாத்திரம் வாசலில் நிறுத்தப்பட்டான். கறுப்பர் உள்ளே வரலாகாது என்றார்கள். வாழ்க்கையில் அவன் கண்ட முதல் மூடிய கதவு அதுவே.

அந்தக் குடும்பம் வேறு நகரத்துக்குக் குடிபெயர்ந்ததும் மார்ஷல் சைக்கிளோடு தன் வீடு திரும்பினான். தானே பழகிய வித்தைகள் அவனுக்கு ஒரு சைக்கிள் கடையில் வேலை தேடிக் கொடுத்தன. கடை வாசலில் நின்று வேடிக்கை காட்டிக் கூட்டம் சேர்ப்பது அவன் உத்தியோகம். அதற்காகச் சிப்பாய் உடுப்பு ஒன்றை மாட்டிவிட்டார்கள். அதைக் கண்ட ஊரார் 'மேஜர்' என்று அழைக்கத் தொடங்கினர். அந்தப் பெயர் கடைசிவரையில் நிலைத்துவிட்டது.

ஒரு நாள் கடை முதலாளி, வேடிக்கைக்காக அவனை 10 மைல் சாலைப் பந்தயத்தின் வரிசையில் கொண்டுபோய் நிறுத்தினார். சிறிது தூரம் ஓட்டிவிட்டுத் திரும்பிவிடுவான் என்பது அவர் எண்ணம். பையனோ பெரியவர்களை எல்லாம் பின்னால் விட்டுப் பந்தயத்தை ஜயித்துவிட்டான்! பரிசாகத் தங்கப் பதக்கமும் கிடைத்தது. முதலாளியின் விளையாட்டு அவனுக்கு வாழ்க்கைத் தொழில் ஆயிற்று.

சங்கத்தின் சட்டம்

வாத்தியக்காரனுக்குச் சபை எப்படியோ, பந்தயக்காரனுக்குத் தடம் அப்படி. டெய்லருக்கோ ஒவ்வொரு தடத்திலும் தடைதான். அமெரிக்க சைக்கிள்காரர்களின் பெரிய சங்கம் 1894-ஆம் ஆண்டில் கறுப்பர்களை அங்கத்தினராகச் சேர்ப்பதில்லை என்று சட்டமே செய்தது. ஆயினும் வெள்ளையர் எல்லோரும் ஒரே அச்சில் வார்க்கப்பட்டவர்கள் அல்லவே? முன்னாள் பந்தயக்காரரும் சைக்கிள் உற்பத்தியாளருமான லூயி மங்கர் என்பவர் பையனின் திறமையைக் கண்டு தம்மோடு சேர்த்துக்கொண்டார். 1895-ஆம் ஆண்டில் இருவரும் கிழக்கே மாஸசூஸெட்ஸ் மாகாணத்து வூஸ்டர் நகரில் குடியேறினார்கள். அங்கே உடற்பயிற்சிக் கூடத்தின் கதவு டெய்லருக்குத் திறந்திருந்தது.

1896-ஆம் ஆண்டு டிசம்பரில், பதினெட்டு வயது நிரம்பிய உடனே, டெய்லர் நியூயார்க் நகரத்துப் புகழ்பெற்ற மாடிஸன் சதுக்க மண்டபத்தில் தொழில்முறைப் பந்தயக்காரராக இறங்கினார். முதலில் நடந்த அரை மைல் பந்தயத்தில் அக்காலத்துப் பெரிய வீரரான எடி பால்டையே தோற்கடித்து 200 டாலர் பரிசு பெற்றார். அதையடுத்து நடந்தது ஆறு நாள் பந்தயம். ஆறு நாளும் இரவு பகலாகச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். தூங்கினால் தூரம் போய்விடும். தூங்காவிட்டால் சித்தம் போய்விடும்! குறுகிய தூரப் பந்தயக்காரரான டெய்லர் 1,700 மைலுக்கு மேல் ஓட்டி எட்டாவதாக வந்தார்.

தடத்தில் நடந்த யுத்தம்

பந்தயத் தடத்தைக் காணாத நேயர்களுக்கு அதன் இயல்பைச் சற்றுச் சொல்லவேண்டும். தடம் நீள்வட்டமானது. திருப்பங்களில் கிண்ணத்தின் உட்புறம் போல் சாய்வாக உயர்ந்திருக்கும். அங்கே ஓடும் சைக்கிளுக்குப் பிரேக் கிடையாது. சக்கரம் சுழலும் வரையில் மிதியும் சுழலும், கால்களுக்கு ஓய்வில்லை. முன்னே செல்பவன் காற்றைக் கிழித்துக்கொண்டு செல்ல, பின்னே ஒட்டி வருபவன் அந்த நிழலில் பலத்தைச் சேமித்துக்கொண்டு கடைசி வளைவில் பாய்வான். ஆகவே கால் பலம் மட்டும் போதாது, சதுரங்கம் ஆடுபவனின் மூளையும் வேண்டும்.

டெய்லருக்கு எதிராக இந்தச் சதுரங்கத்தில் காய்கள் எல்லாம் ஒன்றுசேர்ந்துவிடும். இரண்டு பேர் முன்னால் போவார்கள். ஒருவன் பக்கத்தில் அணைத்து வருவான். டெய்லர் பெட்டிக்குள் அடைபட்ட பறவை ஆகிவிடுவார். சிறிது இடைவெளி கண்டால் மின்னலெனப் புகுந்து வெளியேறுவது அவருடைய வித்தை. வெளியேறி ஜயித்தாலும் ஆபத்து நீங்கியபாடில்லை. 1897-ஆம் ஆண்டில் ஒரு பந்தயத்தில் அவருக்குப் பின்தங்கிய வெள்ளைக்காரன் ஒருவன் அவரைச் சைக்கிளிலிருந்து இழுத்துத் தள்ளி, நினைவு தப்பும்வரையில் கழுத்தை நெரித்தான். அவனுக்குக் கிடைத்த தண்டனை சொற்ப அபராதமே. அதே ஆண்டில் தென் மாகாணங்களின் பந்தய முதலாளிகள் டெய்லருடைய மனுவை ஏற்க மறுத்ததனால், தேசத்து முதல்வர் என்ற பட்டம் அவர் கைக்கு எட்டாமல் போயிற்று.

ஆனால் கடிகாரத்துக்கு நிறம் தெரியாது அல்லவா? 1899-ஆம் ஆண்டு ஆகஸ்டில் கனடா தேசத்து மாண்ட்ரியல் நகரில் 1 மைல் பந்தயத்தில் ஜயித்து, டெய்லர் உலக சாம்பியன் ஆனார். அதே ஆண்டு நவம்பரில், முன்னே நீராவி யந்திர வண்டி ஒன்று காற்றை மறைத்துச் செல்ல, 1 மைலை 1 நிமிஷம் 19 விநாடியில் கடந்தார். மணிக்கு 45 மைலுக்கு மேற்பட்ட வேகம்! 1900-ஆம் ஆண்டில் தம் சொந்த தேசத்தின் சாம்பியன் பட்டமும் கிட்டியது. அதே சமயம் வூஸ்டர் நகரில் அவர் ஒரு நல்ல வீடு வாங்கினார். அண்டை வீட்டார் செய்தது என்ன? கொடுத்த விலைக்கு மேல் தருகிறோம், வீட்டை விட்டுப் போய்விடும் என்று கேட்டார்கள். உலகத்தை வென்றவருக்கு ஒரு தெருவை வெல்ல முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை விரதம்

ஐரோப்பியப் பந்தய முதலாளிகள் அவரை வெகுநாளாக அழைத்துவந்தார்கள். பணமும் ஏராளம். ஒரு தடைதான் இருந்தது. அங்கே பெரிய பந்தயங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் நடந்தன. டெய்லரோ தம் தாயாரின் பக்தியைப் பின்பற்றி, அந்த நாளில் சைக்கிளைத் தொடுவதில்லை என்ற விரதம் பூண்டவர். எவ்வளவு ஆசை காட்டியும் அவர் அசையவில்லை. கடைசியில் முதலாளிகளே இறங்கிவந்து, பந்தயங்களை வேறு கிழமைக்கு மாற்றினார்கள். 1901-ஆம் ஆண்டில் பாரிஸ் நகரத்தில் பிரெஞ்சு வீரர் எட்மண்ட் ஜாக்கலினோடு அவர் பொருதினார். மே 16-ஆம் தேதி தோல்வி. பதினொரு நாள் கழித்து மறுமுறை பொருதி வெற்றி. தம் நாட்டில் உணவு விடுதிகளில் இடம் கிடைக்காத மனிதரைப் பாரிஸ் ஜனங்கள் கூட்டம் கூட்டமாகப் பின்தொடர்ந்தார்கள்.

1902-ஆம் ஆண்டில் டெய்ஸி மாரிஸ் என்னும் மங்கையை மணந்தார். அடுத்து ஆஸ்திரேலியாவுக்கும் சென்று ஓட்டினார். 1904-ஆம் ஆண்டில் ஸிட்னி நகரில் மகள் பிறந்தாள். அந்த ஊரின் பெயரையும் சேர்த்து, ரீட்டா ஸிட்னி என்று பெயரிட்டார்கள்.

சக்கரம் நின்றபோது

பந்தயக்காரனுடைய மூலதனம் அவனுடைய கால்கள். வட்டி தருவது இளமை. இளமை குறையும்போது மூலதனமும் கரைந்துவிடுகிறது. 1909-ஆம் ஆண்டில், தேவை நெருக்கவே, டெய்லர் தம் ஞாயிற்றுக்கிழமை விரதத்தையும் கைவிட்டார். 1910-ஆம் ஆண்டில் பந்தயத்திலிருந்து ஓய்வு பெற்றார். பொறியியல் படிக்க விரும்பினார்; கல்லூரியில் இடம் கிடைக்கவில்லை. டயர்த் தொழிலில் பணம் போட்டார், நஷ்டமே கண்டார். வீடு போயிற்று, மனைவியும் பிரிந்தார். 1928-ஆம் ஆண்டில் தம் வாழ்க்கை வரலாற்றைச் சொந்தச் செலவில் அச்சிட்டு, பிரதிகளைச் சுமந்து வீடு வீடாகச் சென்று விற்றார். ஆயிரக்கணக்கானவர்கள் கைதட்டி வரவேற்ற மனிதர், படியேறிக் கதவைத் தட்டி நின்றார். 1932-ஆம் ஆண்டு ஜூன் 21-ஆம் தேதி சிகாகோ நகரத்துப் பொது ஆஸ்பத்திரியில், ஏழைகளின் வார்டில் காலமானார். வயது 53. அடையாளக் கல்கூட இல்லாமல் அடக்கம் செய்தார்கள்.

பதினாறு ஆண்டுகள் சென்றன. 1948-ஆம் ஆண்டில் பழைய பந்தயக்காரர்கள் சிலர் ஒன்று கூடினார்கள். ஃபிராங்க் ஷ்வின் என்னும் சைக்கிள் உற்பத்தியாளர் பொருளுதவி செய்தார். டெய்லரின் உடலை நல்லதோர் இடத்துக்கு மாற்றி, பெயர் பொறித்த கல் நாட்டினார்கள். அவரை வாசலில் நிறுத்திய இண்டியானாபொலிஸ் நகரமே 1982-ஆம் ஆண்டில் கட்டிய பந்தயத் தடத்துக்கு அவர் பெயரைச் சூட்டியது. 2008-ஆம் ஆண்டில் வூஸ்டர் நகரம் சிலை எடுத்தது. மரியாதை எல்லாம் வந்தன. பெற்றுக்கொள்ள வேண்டியவர்தான் இல்லை.

ஓமந்தூர்ச் சாலையில்

இந்தக் கதையை ஓமந்தூரில் நின்று நினைப்பதற்கு ஒரு காரணம் உண்டு. மூடிய கதவுகள் அமெரிக்காவில் மட்டும் இருந்தனவா? நம் கோயில் வாசல்களில் எத்தனை கோடி மக்களை நாம் நிறுத்திவைத்திருந்தோம்! அந்த வாசல்களைச் சட்டத்தின் மூலம் திறந்துவிட்ட 1947-ஆம் ஆண்டு ஆலயப் பிரவேசச் சட்டம், ஓமந்தூர் ரெட்டியார் பிரதம மந்திரியாக இருந்தபோதுதான் நிறைவேறியது. கதவு தானாகத் திறப்பதில்லை. உள்ளே இருப்பவர் எவராவது எழுந்து வந்து தாழ் நீக்க வேண்டும். டெய்லருக்கு ஒரு மங்கர் கிடைத்ததும் அவ்வாறே.

நம் தேசத்திலும் இந்த விளையாட்டு வேர் விட்டிருக்கிறது. 1938-ஆம் ஆண்டில் ஸிட்னி நகரத்து விளையாட்டுப் போட்டிகளில் ஜானகி தாஸ் இந்தியாவின் சார்பில் சைக்கிள் ஓட்டினார். 1946-ஆம் ஆண்டில் தேசிய சைக்கிள் சம்மேளனம் தோன்றியது. 2018-ஆம் ஆண்டில் நிக்கோபார்த் தீவுகளைச் சேர்ந்த ஈஸோ ஆல்பன் என்னும் இளைஞர், ஸ்விட்ஸர்லாந்தில் நடந்த இளைஞர் உலகத் தடப் போட்டியில் வெள்ளிப் பதக்கம் பெற்றார். தொலைதூரத் தீவிலிருந்து சென்றவர் அவர்! பயிற்சிக் கூடமும் ஆசிரியரும் கிடைத்ததனால் முன்னேறினார்.

ஆகவே டீக்கடைப் பெரியவருக்கு நாம் சொல்லும் பதில் இதுதான். ஐயா, சைக்கிள் சோறு போடும். ஆனால் அது தனியாகப் போடாது. ஓட்டத் தடமும், கற்பிக்க ஆளும், கால்கள் ஓய்ந்த பிறகு பிழைக்க ஓர் உத்தியோகமும் ஊரார் சேர்ந்து அமைத்தாக வேண்டும். கல் நாட்டுவதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அந்தப் பையன் ஓடிக்கொண்டிருக்கும்போதே அவனுக்குக் கதவைத் திறப்போம்.