பெட்டியில் ஒரு பெயர், பொறுப்பில் யார்?

நாம் கொள்முதல் செய்யும் ஒரு சாமானின் பெட்டியில் ஒரு பெயர் இருக்கும். அதைத் தயாரித்தவர் வேறொருவராக இருக்கலாம். தயாரிப்புக் கம்பனியின் பங்குகள் மூன்றாம் நபரிடம் இருக்கலாம். சந்தைப்படுத்தும் உரிமை நான்காம் நபரிடம் இருக்கலாம். வர்த்தகத்தில் இது புதுமையுமல்ல, குற்றமுமல்ல. ஆனால் அந்தச் சாமானால் ஒருவருக்குத் தீங்கு நேர்ந்தால், இந்த நால்வரில் யாருடைய கதவைத் தட்டுவது?

இந்தக் கேள்விக்குப் பொருத்தமான உதாரணமாக நான் எடுத்துக்கொண்டது அமெரிக்காவின் மலிவு விலைக் கைத்துப்பாக்கித் தொழிலை. எமது வாசகர்கள் எவரும் துப்பாக்கி விற்பவர்களல்லர். எனினும் பெயர் ஒன்று, தயாரிப்பாளர் ஒன்று, உரிமையாளர் ஒன்று என்ற ஏற்பாடு எங்கே கொண்டுபோய் விடும் என்பதை இந்தத் தொழிலின் வரலாறு காட்டுவதுபோல் வேறெதுவும் காட்டுவதில்லை. ஏனெனில் இங்கே சாமான் பழுதானால் போவது காசு மட்டுமல்ல, உயிரும்தான்.

சட்டம் திறந்துவிட்ட சந்தை

1968 ஆம் ஆண்டில் அமெரிக்கா துப்பாக்கிக் கட்டுப்பாட்டுச் சட்டத்தைக் கொண்டுவந்தது. வெளிநாடுகளிலிருந்து வந்து குவிந்த சிறிய, மலிவான கைத்துப்பாக்கிகளின் இறக்குமதியை அது தடுத்தது. 'சட்டர்டே நைட் ஸ்பெஷல்' என்று அமெரிக்கர்கள் ஏளனமாக அழைத்த ரகம் அது. ஆனால் அதே ரகத்தை உள்நாட்டில் செய்வதற்கு அந்தச் சட்டம் தடை போடவில்லை. இறக்குமதி நின்றது, கேள்வி நிற்கவில்லை. இப்படியான இடைவெளியில் யார் முந்துவார் என்பதை வியாபாரிகளுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

முந்தியவர் தென் கலிபோர்னியாவில் இயந்திரப் பட்டறை நடத்திவந்த ஜோர்ஜ் ஜென்னிங்ஸ். 1970 இல் அவர் ரேவன் ஆர்ம்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். அவரது மகன் புரூஸ் ஜென்னிங்ஸ் 1978 இல் ஜென்னிங்ஸ் ஃபயர்ஆர்ம்ஸை ஆரம்பித்தார். மருமகன் டேவிஸ் இண்டஸ்ட்ரீஸை நிறுவினார். புரூஸின் நண்பர் ஒருவர் லோர்சின் என்ற கம்பனியைத் தொடங்கினார். பிரைகோ, ஃபீனிக்ஸ், சன்டான்ஸ் என்று பெயர்கள் பெருகின. கடையில் போட்டிபோடும் பல கம்பனிகள் போலத் தெரிந்தாலும், பெரும்பாலானவை ஒரே குடும்பத்தின் அல்லது அதைச் சார்ந்தவர்களின் கைகளில்தான் இருந்தன.

கலிபோர்னியப் பல்கலைக்கழக மருத்துவரான கரன் வின்டமியூட் 1994 இல் இக்கம்பனிகளைப் பற்றி ஓர் ஆய்வு வெளியிட்டார். லொஸ் ஏஞ்சல்ஸ் நகரைச் சுற்றி வட்டமாக அமைந்திருந்ததால் அவற்றுக்கு அவர் வைத்த பெயர் 'நெருப்பு வளையம்'. 1992 ஆம் ஆண்டில் அமெரிக்காவில் செய்யப்பட்ட கைத்துப்பாக்கிகளில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு இந்த வளையத்திலிருந்துதான் வந்தது.

மலிவு எங்கிருந்து வந்தது?

பெயர்பெற்ற கம்பனிகளின் துப்பாக்கிகள் நூற்றுக்கணக்கான டொலருக்கு விற்கப்பட்ட காலத்தில், இவர்களின் சிறிய ரகங்கள் நூறு டொலருக்கும் குறைவாகக் கிடைத்தன. இரகசியம் உலோகத்தில் இருந்தது. உருக்குத் துண்டைக் கடைந்து ஒரு பாகத்தைச் செதுக்கியெடுக்க நல்ல இயந்திரமும் கைதேர்ந்த தொழிலாளியும் நேரமும் வேண்டும். நாகக் கலப்பு உலோகத்தை உருக்கி அச்சில் ஊற்றினால் பாகம் அப்படியே வந்து விழும். கொஞ்சம் சீர்செய்து பூட்டினால் வேலை முடிந்தது. இந்தக் கலவை 400 பாகை செல்சியஸை எட்டுமுன்பே உருகிவிடும். இதனால்தான் சில மாநிலங்கள் 800 பாகை ஃபரன்ஹைட்டுக்குக் குறைவான வெப்பத்தில் உருகும் கைத்துப்பாக்கிகளை விற்கக்கூடாது என்று சட்டமே போட்டன.

தரத்தைக் கேட்க வேண்டிய அரச அமைப்பும் இங்கே இருக்கவில்லை. அமெரிக்காவின் நுகர்வோர் பொருள் பாதுகாப்பு ஆணைக்குழு விளையாட்டுத் துப்பாக்கியைப் பரிசோதிக்கலாம். உண்மையான துப்பாக்கி அதன் அதிகாரத்துக்கு வெளியே வைக்கப்பட்டுள்ளது. எனவே பழுதான சாமானுக்குப் பதில் சொல்ல வைக்கும் இடமாக நீதிமன்றமே மிஞ்சியது.

ஒரு வியாபாரம், பல பைகள்

இனி புரூஸ் ஜென்னிங்ஸின் ஏற்பாட்டைப் பாருங்கள். பிரைகோ ஆர்ம்ஸ் கலிபோர்னியாவில் துப்பாக்கிகளைத் தயாரித்தது. அவற்றை விநியோகித்தது நெவாடா மாநிலத்தில் இருந்த பி.எல். ஜென்னிங்ஸ் என்ற வேறொரு கம்பனி. விநியோகக் கம்பனி புரூஸுடையது. தயாரிப்புக் கம்பனியின் உரிமையோ அவரது முன்னாள் மனைவி, பிள்ளைகளின் பெயரிலான நம்பிக்கை நிதியங்கள் ஆகியவற்றின் பக்கம் இருந்தது.

காகிதத்தில் பார்த்தால் ஒவ்வொன்றும் தனித்தனிச் சட்ட நபர். ஒரு கம்பனியின் கடனுக்கு இன்னொரு கம்பனி பொறுப்பல்ல. வரையறுக்கப்பட்ட பொறுப்பு என்பது நாம் எல்லோரும் பயன்படுத்தும் நியாயமான ஏற்பாடுதான். கடை நட்டப்பட்டால் வீடு ஏலம் போகாமலிருக்க அது உதவுகிறது. ஆனால் இலாபம் ஒரு பைக்கும், சொத்து இன்னொரு பைக்கும், ஆபத்து மட்டும் காலியான மூன்றாவது பைக்கும் போகும்படி ஒருவர் பிரித்து வைத்தால், பாதிக்கப்பட்டவரின் கையில் அகப்படுவது அந்தக் காலிப் பையாகவே இருக்கும்.

1994 இல் நடந்தது

1994 ஆம் ஆண்டு கலிபோர்னியாவில் ஒரு வீட்டில் பிரைகோ மொடல் 38 துப்பாக்கி ஒன்றிலிருந்து குண்டை அகற்ற ஒருவர் முயன்றார். அந்த மொடலில் குண்டை வெளியே எடுக்க வேண்டுமானால் முதலில் பாதுகாப்புப் பூட்டைத் திறக்க வேண்டும். அதாவது துப்பாக்கியைப் பாதுகாப்பாக்க வேண்டுமென்றால், முதலில் அதைச் சுடத்தக்க நிலைக்குக் கொண்டுவர வேண்டும். பூட்டைத் திறந்தார், துப்பாக்கி வெடித்தது. அங்கே நின்ற ஏழு வயதுச் சிறுவனுக்குக் கழுத்துக்குக் கீழே உடல் செயலிழந்தது.

வழக்கு ஒன்பது ஆண்டுகளுக்குப் பின் 2003 இல் முடிவுக்கு வந்தது. வடிவமைப்பிலேயே குறை இருந்ததாக ஒக்லாந்து நகர ஜூரிகள் கண்டனர். மொத்த நட்டஈடு சுமார் 5 கோடி டொலர். பொறுப்பு பலருக்கும் பங்கிடப்பட்டது. அதில் ஜென்னிங்ஸினதும் அவரது நிறுவனங்களினதும் பங்கு 2 கோடி டொலருக்கு மேல். எமது வாசகர்கள் கவனிக்க வேண்டிய இன்னொரு விடயமும் உண்டு. துப்பாக்கியைச் சில்லறையாக விற்ற அடகுக் கடையும், இடையில் நின்ற விநியோகஸ்தரும்கூட இந்த வழக்கில் பிரதிவாதிகளாக இழுக்கப்பட்டனர். அச்சில் ஊற்றியவர்கள் அவர்களல்லர். வாங்கி விற்றவர்கள் மட்டுமே.

தீர்ப்பு வந்த கையோடு ஜென்னிங்ஸும் கம்பனிகளும் வங்குரோத்துப் பாதுகாப்புக் கோரி மனுச் செய்தனர். 2004 இல் பிரைகோவின் இயந்திரங்களும் அரைகுறையாகக் கிடந்த பல்லாயிரம் துப்பாக்கிகளும் ஏலத்துக்கு வந்தன. சிறுவனின் தரப்பினர் நன்கொடை திரட்டி ஏலத்தில் இறங்கினர். அந்தத் துப்பாக்கிகளை வாங்கி உருக்கிவிடுவதே அவர்களின் நோக்கம். 505,000 டொலர் வரை கேட்டனர். 510,000 டொலருக்கு ஏலத்தை எடுத்தவர், அதே பிரைகோ தொழிற்சாலையில் மேற்பார்வையாளராக இருந்தவர்.

அங்கிருந்து ஹிமெனெஸ் ஆர்ம்ஸ் என்ற புதிய பெயர் பிறந்தது. அதே அச்சு, அதே வடிவமைப்பின் வழிவந்த துப்பாக்கிகள், பெட்டியில் மட்டும் வேறு பெயர். பின்னர் அது நெவாடாவுக்கு இடம் மாறியது. 2020 இல் கன்சாஸ் சிட்டி மாநகரம் ஹிமெனெஸ் மீது வழக்குத் தொடுத்தது. அதே ஆண்டில் அந்தக் கம்பனியும் வங்குரோத்தானது. டேவிஸின் கதையும் இப்படித்தான். அதன் வடிவமைப்புகள் யூட்டா மாநிலத்தில் கோப்ரா என்ற பெயரில் மறுபிறவி எடுத்தன. ரேவனின் துப்பாக்கி ஃபீனிக்ஸாக வந்தது. பெயர் சாகிறது, அச்சு சாவதில்லை.

ஒஹையோவில் வேறொரு வழி

மலிவுதான் குற்றவாளி என்று இதைப் படித்துவிட்டு எவரும் முடிவுகட்ட வேண்டாம். ஒஹையோ மாநிலத்தின் ஹை-பொயின்ட் துப்பாக்கிகளும் மலிவானவைதான். அவற்றின் மேற்பாகமும் நாகக் கலப்பு வார்ப்புதான். நீண்ட காலம் அந்தப் பெயரின் பின்னாலும் பல கம்பனிகள் இருந்தன. 9 மில்லிமீற்றர் ரகத்தைச் செய்தது மான்ஸ்ஃபீல்ட் நகரின் பீமில்லர். .45 ரகத்தைச் செய்தது லைமா நகரின் ஹஸ்கல். .40 ரகம் ஐபீரியா என்ற ஊரிலிருந்து வந்தது. இவை எல்லாவற்றையும் சந்தைப்படுத்திய ஏக விநியோகஸ்தர் எம்.கே.எஸ். சப்ளை.

வித்தியாசம் இதுதான். ஹை-பொயின்ட் ஒரு வாழ்நாள் உத்தரவாதம் தந்தது. துப்பாக்கி எத்தனை கைமாறி வந்திருந்தாலும், இரண்டாம் கையோ மூன்றாம் கையோ, திருப்பி அனுப்பினால் இலவசமாகத் திருத்திக் கொடுத்தார்கள். பெயரையும் மாற்றவில்லை. அழகில்லாத துப்பாக்கி என்று கேலி செய்தவர்களும் அந்த உத்தரவாதத்தைப் பாராட்டினார்கள்.

ஆனால் உத்தரவாதம் சாமானின் பழுதுக்குத்தான் பதில் சொல்லும். அது யார் கைக்குப் போகிறது என்பதற்குப் பதில் சொல்லாது. 2003 இல் நியூயோர்க் மாநிலத்தின் பஃபலோ நகரில் ஓர் இளைஞன் ஹை-பொயின்ட் துப்பாக்கியால் சுடப்பட்டான். ஆளை மாற்றுப் பெயரில் நிறுத்தி ஒஹையோவில் 80 க்கும் மேற்பட்ட கைத்துப்பாக்கிகளை வாங்கிக் கடத்திய ஒருவனின் வழியாக அது அங்கே போயிருந்தது. ஒஹையோவில் அவற்றைச் சில்லறையாக விற்றவர், எம்.கே.எஸ். சப்ளையின் தலைவரான சார்ள்ஸ் பிரவுன். ஏக விநியோகஸ்தரும் அவரே, மேசைக்குப் பின்னால் நின்ற வியாபாரியும் அவரே. தயாரிப்பாளர், விநியோகஸ்தர், வியாபாரி ஆகியோர்மீது வழக்கை நடத்தலாம் என்று 2012 இல் மேன்முறையீட்டுப் பிரிவு அனுமதித்தது. 2019 இல் நியூயோர்க்கின் உச்ச மேன்முறையீட்டு மன்றம், பிரவுனின் விற்பனை முழுவதும் ஒஹையோவில் நடந்ததால் அவரை விசாரிக்கத் தனக்கு நியாயாதிக்கம் இல்லை என்று கூறி, அவருக்கெதிரான வழக்கைத் தள்ளுபடி செய்தது. வழக்குத் தொடங்கி பதினான்கு ஆண்டுகள் ஓடிவிட்டிருந்தன.

கேட்க வேண்டிய நான்கு கேள்விகள்

துப்பாக்கியை விட்டுவிடுவோம். காஸ் அடுப்பு, மின் சுவிட்ச், பிரேஷர் குக்கர், பிள்ளைகளின் விளையாட்டுச் சாமான் என்று தீங்கு செய்யக்கூடிய பொருட்கள் எமது தட்டுகளிலும் உண்டு. புதிய பெயரில் மலிவான சாமான் ஒன்றைக் கொண்டுவந்து காட்டும் முகவரிடம் நான்கு கேள்விகளைக் கேட்குமாறு நான் சொல்வேன்.

பெட்டியிலுள்ள பெயருக்குச் சொந்தக்காரர் யார்? உண்மையில் தயாரிப்பது யார், எங்கே? இதே சாமான் முன்பு வேறு பெயரில் விற்கப்பட்டதா, அந்தப் பெயர் ஏன் கைவிடப்பட்டது? பழுது வந்தால் எழுத்து மூலம் பொறுப்பேற்பது எந்தக் கம்பனி, அதனிடம் கொடுக்க ஏதும் இருக்கிறதா?

முதல் மூன்றுக்கும் இனிக்க இனிக்கப் பதில் சொல்லிவிட்டு நான்காவதில் தடுமாறுபவர் எத்தனை சதவீதக் கழிவு தந்தாலும் எனக்கு அது மலிவாகத் தோன்றாது. வாடிக்கையாளருக்குத் தொழிற்சாலை தெரியாது. விநியோகஸ்தரையும் தெரியாது. அவருக்குத் தெரிந்த முகவரி எமது கடை மட்டுமே. அந்தக் கடைக்குத்தான் அவர் திரும்பி வருவார்.