காவிரி கலக்கிவிடும் என்னும் வாதம்

பள்ளிபாளையத்துப் பாலத்தின்மேல் நின்று காவிரியை நோக்குவோர் பெரும்பாலும் வெள்ளத்தின் உயரத்தையே பார்க்கின்றனர். மேட்டூரில் எத்தனை கன அடி திறந்தார்கள், கரையோரத் தெருக்களில் ஜலம் புகுமா என்பதே அவர்கள் கவலை. அக்கவலை நியாயமானதே. 2022-ம் ஆண்டு ஆகஸ்டில் மேட்டூரிலிருந்து விநாடிக்கு ஒன்றரை லட்சம் கன அடிக்கு மேல் வந்தபொழுது, இவ்வூரின் தாழ்ந்த வீதிகளிலிருந்த குடும்பங்கள் சட்டி பானைகளைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஏறியதை நாடறியும். ஆனால் சமீபத்தில் நாம் அங்கு நின்றது வெள்ளத்தைப் பார்ப்பதற்கன்று. ஒரு வழக்கு விஷயமாக நம்மைக் காண வந்த முதியவர் ஒருவர், தலைமுறை தலைமுறையாகச் சாயத் தொழில் செய்யும் குடும்பத்தவர், நம்மைக் கரைக்கு அழைத்துச் சென்று ஆற்றைக் காட்டி, "வக்கீல் ஐயா, ஆறு எத்தனை பெரிசுங்க! நம்ம பட்டறைத் தண்ணி அதுக்கு ஒரு குடம் மாதிரிங்க. பாலம் தாண்டறதுக்குள்ள காவேரி கலக்கிக் கரைச்சுப்புடுமுங்க" என்றார்.

இவ்வார்த்தையைப் பாமர வார்த்தையென்று தள்ளிவிடுவதற்கில்லை. படித்த கனவான்கள் இதையே அழகிய ஆங்கிலத்தில் கோர்ட்டுகளில் சொல்லியிருக்கின்றனர். நாமும் தொழிலின் ஆரம்ப காலத்தில் ஒரு கட்சிக்காரருக்காக ஏறக்குறைய இதே வாதத்தைச் சொன்னதுண்டு. அன்று எதிர்க்கட்சியார் மறுக்கவுமில்லை. மறுத்திருக்க வேண்டும். ஏனெனில் ஆறு கலக்கும் என்பது சட்டத்தைச் சேர்ந்த கூற்றன்று, பௌதிக சாஸ்திரத்தைச் சேர்ந்த கூற்று. ஆகவே அச்சாஸ்திரத்தையே சாட்சிக் கூண்டில் ஏற்றி விசாரிப்போம். ராஜீய விஷயங்களை எதிர்பார்த்து இப்பக்கத்தைப் பிரிக்கும் நேயர்கள் சற்றுப் பொறுத்தருள வேண்டும். குடிநீரைவிடப் பெரிய ராஜீய விஷயம் எதுவென்று நமக்குத் தெரியவில்லை.

சாயத்தைக் கொண்டே இச்சாஸ்திரம் பிறந்தது என்பது வேடிக்கை. 1883-ல் மான்செஸ்டர் நகரில் ஆஸ்பார்ன் ரெனால்ட்ஸ் என்னும் பேராசிரியர் ஒரு நீண்ட கண்ணாடிக் குழாயில் தெளிந்த ஜலத்தை ஓடவிட்டு, அதன் வாயருகே மெல்லிய சாயக் கோடொன்றைச் செலுத்தினார். ஓட்டம் மெதுவாயிருந்தவரையில் அக்கோடு பாவிலிட்ட நூல்போல் குழாய் நெடுகப் பிசகாமல் சென்றது. வேகத்தைக் கூட்டிக்கொண்டே போகையில், ஒரு கட்டத்தில், நூல் நடுங்கிற்று, முறுகிற்று, அறுந்தது; அதற்கப்பால் குழாய் முழுவதும் ஒரே நிறம். முன்னதைச் சீரோட்டம் என்போம்; பின்னதைக் கொந்தளிப்பு என்போம். வேகத்தை அகலத்தால் பெருக்கி, அந்தத் திரவத்தின் பிசுபிசுப்பால் வகுத்தால் வரும் ஓர் எண்ணே, எந்த இடத்தில் சீர் குலையும் என்பதைக் காட்டுகிறதென்று ரெனால்ட்ஸ் கண்டார். குழாய்களில் அவ்வெண் ஏறத்தாழ 2,000-ஐத் தாண்டியபின் கொந்தளிப்புக்கு இடமுண்டாகிறது. விநாடிக்கு ஒரு மீட்டர் வேகத்தில், இரண்டு மீட்டர் ஆழத்தில் ஓடும் ஆற்றுக்கு அவ்வெண் 20 லட்சத்துக்கு மேல். ஆகவே காவிரி கொந்தளிக்கிறாளா என்பதில் சந்தேகமேயில்லை. மேலே கண்ணாடிபோல் தோன்றும் நாளிலும் அடியில் சுழன்றுகொண்டுதான் இருக்கிறாள். முதியவரின் பக்கம் இதுவரை ஜயமே.

இனிச் சுழல்களின் வம்ச வரலாற்றைப் பார்ப்போம். பெரிய சுழலொன்று தன் வலிமையால் சிறு சுழல்களைப் பெறுகிறது. அவை இன்னும் சிறியவற்றைப் பெறுகின்றன. கடைசியில் ஒரு மில்லிமீட்டரிலும் சிறிய சுழல்கள் ஜலத்தின் பிசுபிசுப்பில் சிக்கி, தம் வேகத்தை வெப்பமாக்கிவிட்டு மடிகின்றன. இந்தப் படியிறக்கத்தை 1920-களில் எடுத்துச் சொன்னவர் லூயிஸ் ரிச்சர்ட்ஸன் என்னும் ஆங்கிலேயர். யுத்தத்தை வெறுத்தவர். முதல் உலக யுத்தத்தில் துப்பாக்கி தூக்க மறுத்து, காயம்பட்டோரை ஏற்றும் வண்டியோட்டியாகச் சேவை செய்தவர். வானிலை இலாகா விமானப்படை மந்திரியின் கீழ்ச் சென்றதும் உத்தியோகத்தை உதறினவர். பிற்காலத்தில், 1948-ல், ஒரு நண்பருடன் ஸ்காட்லாந்துக் கடற்கழி யொன்றில் கிழங்குத் துண்டுகளை எறிந்து, அவை ஒன்றைவிட்டொன்று எவ்வளவு விரைவில் விலகுகின்றன என்று அளந்து பிரசுரித்தார். பெரிய சாஸ்திரத்துக்குப் பெரிய யந்திரம் எப்பொழுதும் தேவையில்லை என்பதற்காகவே இதைக் குறிப்பிட்டோம். ரிச்சர்ட்ஸன் சொன்ன படியிறக்கத்துக்குக் கணக்குக் கொடுத்தவர் ருஷ்ய வித்வான் கால்மகோராவ். 1941-ல், நாஜிப் படைகள் அவர் தேசத்துள் புகுந்த அந்த வருஷத்தில். அதற்குப் பின்னும் மர்மம் முழுவதும் விடுபட்டதாகச் சொல்வதற்கில்லை. திரவ ஓட்டத்தின் மூல சமன்பாடுகளுக்கு எப்பொழுதும் குலையாத விடையுண்டா என்று நிரூபிப்போர்க்குப் பத்து லட்சம் டாலர் தருவதாக 2000-ல் அமெரிக்காவில் ஒரு கணித ஸ்தாபனம் அறிவித்தது. கால் நூற்றாண்டு கடந்தும் அப்பணம் பெட்டியிலேயே இருக்கிறது.

நிற்க. சுழலின் ஆற்றல் அதன் அளவைப் பொறுத்தது என்பதே நம் வழக்குக்கு உயிரான விஷயம். இதை அறிய மான்செஸ்டருக்குப் போக வேண்டியதில்லை. பள்ளிபாளையத்தில் 1960-ல் ஸ்தாபிக்கப்பட்டு 1962 முதல் காகிதம் செய்துவரும் சேஷசாயி ஆலை இருக்கிறது. காகிதம் எங்ஙனம் உண்டாகிறது? நூற்றில் ஒரு பங்கு நார், மற்றதெல்லாம் ஜலம் என்னும்படியான கஞ்சியை ஓடும் வலைமீது ஒரே சீராகப் பாய்ச்ச வேண்டும். சும்மா விட்டால் நார்கள் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு பஞ்சுத் திரளைகளாகிவிடும். ஆதலால் கஞ்சியைப் பாய்ச்சும் பெட்டிக்குள் குறுகிய துவாரங்கள் வழியே அதைத் தள்ளி, வேண்டுமென்றே கொந்தளிப்பை உண்டாக்குகிறார்கள். அதிலும் சூட்சுமம் உண்டு. சுழல்கள் நாரின் நீளத்துக்கு ஏற்றவாறு சிறியனவாய் இருந்தால் திரளைகள் சிதறும். பெரியனவாய் இருந்தால் திரளைகளை முழுசாகச் சுமந்து திரியுமேயன்றிப் பிரிக்கமாட்டா. காகிதத்தை வெளிச்சத்துக்கெதிரே பிடித்தால் மேகம்போல் திட்டுத் திட்டாகத் தெரிகிறதே, அது சுழல் தவறிய இடத்தின் சாட்சியம். அச்சுத் தொழில் நடத்தும் நாம் அத்திட்டுக்களை நன்கு அறிவோம்.

இப்பொழுது ஆற்றுக்குத் திரும்புவோம். காவிரியின் சுழல்களுக்கு அளவு வைப்பது எது? அகலம் என்று எவரும் நினைப்பர். அன்று. ஆற்றின் படுகையில் உராய்ந்து பிறக்கும் சுழல் மேற்பரப்பைத் தொட்டதும் அதற்குமேல் வளர இடமில்லை. ஆகவே ஆழமே அதன் அளவு. ஆழமோ சில அடிகள். அகலமோ பல நூறு அடிகள். ஆறடிச் சுழலைக் கொண்டு ஆயிரமடி ஆற்றைக் கலக்குவது, தேக்கரண்டியால் கல்யாண அண்டாவைக் கலக்குவதற்கு ஒப்பாகும். மேலிருந்து கீழாக ஜலம் விரைவில் கலந்துவிடும். சில நூறு அடி தூரத்துக்குள் அது முடிந்துபோகும். குறுக்கே கலப்பதுதான் பிரயாசை. கலக்கும் நேரம் அகலத்தின் வர்க்கத்தைப் பொறுத்து ஏறுகிறது. இத்தகைய அகலமும் ஆழமும் உள்ள ஆற்றில், ஒரு கரையில் விட்ட சாயம் மறு கரையைச் சமமாக எட்ட மைல் கணக்கில் ஓட வேண்டும். பல பத்து மைல்கள் என்றே கணக்கு வருகிறது. வளைவுகளும் பாறைகளும் கொஞ்சம் உதவி செய்யும், அவ்வளவே.

இதன் பொருளை நேயர்கள் நன்றாக நோக்க வேண்டும். பள்ளிபாளையக் கரையில் இறங்கும் கழிவு பாலத்தைத் தாண்டுவதற்குள் காவிரி முழுவதிலும் பரவிவிடுவதில்லை. அது பள்ளிபாளையக் கரையைத் தழுவியே, ஒரு பட்டைக் கரை போட்ட வேஷ்டிபோல், கீழே செல்கிறது. ஈரோட்டுக் கரையார் தப்பினார்கள் என்றால், இக்கரையில் கீழே குளிப்பவரும், மாட்டைக் கழுவுபவரும், குழாய் இறக்கி இறைப்பவரும் ஆற்றின் பெருக்கத்தால் அடையும் லாபம் மிகச் சொற்பம். முதியவர் சொன்ன "ஒரு குடம்" மகா சமுத்திரத்தில் விழவில்லை. தன் வீட்டுப் பெண்கள் இறங்கும் படித்துறையிலேயே விழுகிறது. சாஸ்திரம் இங்கே அவருக்கு எதிராகச் சாட்சி சொல்லுகிறது.

இதற்கு இன்னொரு சாட்சியத்தை வானத்திலிருந்தும் கொணரலாம். வாயுவை மிகக் காய்ச்சினால் அணுக்களிலிருந்து எலெக்ட்ரான்கள் கழன்று, மின்சாரத்துக்கும் காந்தத்துக்கும் கட்டுப்படும் ஒரு நான்காவது நிலை பிறக்கிறது. பிளாஸ்மா என்பது அதன் பெயர். மின்னலும், வெல்டிங் பட்டறையின் கண் கூசும் பொறியும், சூரியனும் அதுவே. சென்னை பிரஸிடென்ஸி கல்லூரியில் படித்த நம் சந்திரசேகர், 1950-ஐ ஒட்டிய வருஷங்களில் நட்சத்திரங்களின் கொந்தளிப்பை அறியப் பெருமுயற்சி செய்தார். நினைத்த முடிவு எட்டவில்லை. ஆயினும் திரவங்களும் காந்தம் கலந்த திரவங்களும் எப்பொழுது நிலைகுலையும் என்பதைப் பற்றி 1961-ல் அவர் வெளியிட்ட பெரிய நூல் இன்றும் ஆதாரமாக விளங்குகிறது. சூரியனிலிருந்து வீசும் பிளாஸ்மாக் காற்றை அளக்க 2023 செப்டம்பர் 2-ந் தேதி ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஆதித்யா என்னும் விண்கலம் சென்றது. அக்காற்றிலும் பெரிய சுழல் சிறியதைப் பெறும் அதே படியிறக்கம் காணப்படுகிறது. குஜராத்தில் காந்திநகருக்கருகே 1989 முதல் அதே ஆதித்யா என்னும் பெயர் கொண்ட மற்றொரு யந்திரம் உண்டு. காந்த வேலிக்குள் பிளாஸ்மாவை அடைத்து ஆராய்வது அதன் வேலை. சூரியன் செய்வதைப் பூமியில் செய்து மின்சாரம் எடுக்க முயலும் இத்தகைய யந்திரங்களுக்குக் கொந்தளிப்பே பரம சத்துரு. பெரிய யந்திரங்களில் பத்துக் கோடி டிகிரி வெப்பத்தைச் சுழல்கள் வெளியே கடத்திக்கொண்டு போய்ச் சுவரில் கொட்டிவிடுகின்றன. 1982-ல் ஜெர்மனியில் ஒரு யந்திரத்தில் திடீரென்று அக்கசிவு குறைந்தது. பிளாஸ்மாவின் ஓரத்தில் அண்டை அண்டையான படலங்கள் வெவ்வேறு வேகத்தில் ஓடியதால், பெரிய சுழல்கள் நறுக்கப்பட்டுச் சிறியனவாய்ப் போயின. சிறிய சுழலால் வெப்பத்தைத் தூரம் சுமக்க முடியவில்லை. காவிரிக் கரையில் நமக்குக் கேடாயிருக்கும் அதே உண்மை அங்கே வித்வான்களுக்கு அநுகூலமாயிருக்கிறது. சுழல் சிறுத்தால் கலப்பும் சுருங்கும்.

இன்னும் ஒன்று. எவ்வளவு நன்றாகக் கலந்தாலும் கலப்பது வேறு, அழிப்பது வேறு. பஞ்சு நூலுக்குச் சாயம் ஏற்ற உப்பு ஏராளமாக வேண்டும். சுழல் அந்த உப்பை இழுக்கும், மடிக்கும், மெல்லிய இழையாக்கும்; ஒரு குந்துமணியளவுகூடக் குறைக்காது. இதற்குக் கண்கண்ட அத்தாட்சி, நொய்யலின்மேல் பாசனத்துக்காகக் கட்டிய ஒரத்துப்பாளையம் அணை. திருப்பூர்ச் சாயக் கழிவு ஆற்றோடு கலந்து கலந்து அங்கே வந்து தேங்கிற்று. பயிருக்கு என்று கட்டிய தேக்கம் பயிரைக் கருக்கும் உப்புக் குட்டையாயிற்று. கடைசியில் 2011 ஜனவரியில், கழிவைச் சிறிதும் வெளியேற்றாத முறைக்கு வரும்வரை திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடும்படி சென்னை ஹைகோர்ட்டார் உத்தரவிட்டனர். அந்த நொய்யலும் பள்ளிபாளையத்துக்குக் கீழே காவிரியில்தான் வந்து சேருகிறது. தேங்கும் ஜலத்தைப் பற்றிப் பேசுங்கால், மேட்டூருக்குக் கீழே மின்சாரத்துக்காகக் கட்டிய கதவணைகளையும் நினைக்க வேண்டும். கதவை இறக்கியதும் ஓட்டம் தளர்கிறது. ஓட்டம் தளர்ந்தால் படுகையில் பிறக்கும் சுழலும் தளர்கிறது. முதியவரின் தந்தை காலத்துக் காவிரிக்கு இருந்த கலக்கும் வலிமையும் இன்றைய காவிரிக்குக் கோடையில் இல்லை.

சட்டத்தில் குறையொன்றுமில்லை. 1974-ம் வருஷத்து ஜல மாசுத் தடுப்புச் சட்டத்தின் 24-வது பிரிவு, நஞ்சான பொருளைத் தெரிந்து ஆற்றில் விடுவதைத் தடுக்கிறது. பாலாற்றங்கரைத் தோல் ஆலைகள் வழக்கில், 1996-ல், தீங்கு வராது என்று காட்டும் பொறுப்பு தொழில் நடத்துபவரையே சேர்ந்தது என்று சுப்ரீம் கோர்ட்டார் தீர்ப்பளித்தனர். பள்ளிபாளையத்திலும் குமாரபாளையத்திலும் அநுமதியற்ற பட்டறைகளை அதிகாரிகள் இடித்த செய்தியைப் பலமுறை படித்திருக்கிறோம். மறுபடி முளைத்த செய்தியையும் படித்திருக்கிறோம். இடிபடுவது சிறிய பட்டறை; அதில் கூலிக்கு நிற்பவன் ஏழை. பொதுச் சுத்திகரிப்பு நிலையம் இல்லாமல், உப்பை வடித்து ஜலத்தைத் திருப்பிக் கொடுக்கும் செலவை அவன் தனியே தாங்கமுடியாது. அச்செலவைத் தொழில் முழுவதும், சர்க்காரும் சேர்ந்து ஏற்க வேண்டுமென்று கிளர்ச்சி செய்வது தேசத் தொண்டர்களுக்குத் தகுந்த வேலை.

முதியவரிடம் இவையெல்லாம் சொன்னோம். சற்று நேரம் பேசாதிருந்தார். பிறகு, "அப்படீன்னா கரையோரமாத் தண்ணி எடுத்துப் பாக்கச் சொல்லுங்க ஐயா" என்றார். இதைவிடச் சாஸ்திரோக்தமான யோசனை நமக்குத் தோன்றவில்லை. மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தார் மாதிரி ஜலம் எடுக்கும்பொழுது பாலத்தின் நடுவிலிருந்து மட்டும் வாளியை இறக்க வேண்டாம். கரையிலிருந்து பத்தடி, ஐம்பதடி, நூறடி என்று வரிசையாக, இரு கரையிலும், கோடையில் ஒரு முறையும் மேட்டூர் திறந்தபின் ஒரு முறையும் எடுத்து, கண்ட உப்பின் அளவைப் படித்துறையிலேயே பலகையில் எழுதி வைக்கட்டும்.