புரட்சியும் வாலிபர் இலட்சியமும்

புரட்சி நிகழ்ந்த தேசத்தில் வாலிபர் உள்ளத்தே பெருங்கனவுகள் எழுதல் இயல்பே. பழைய உலகம் ஒழிந்தது. புதியதைப் படைத்தல் நம் கடன் என்று ஒவ்வோர் இளைஞனும் எண்ணத் தலைப்படுகின்றான். அவ்வெண்ணம் வெறுங் கோஷமாய் முடியாது தொண்டாய் மலர்வது எங்ஙனம் என்பதைக் கியூபாவின் சரித்திரங் கொண்டு சிறிது ஆராய்வோம்.

1959-ஆம் ஆண்டு அத்தீவிற் புரட்சி வென்றபோது, வயது வந்தோருள் நூற்றுக்கு ஏறக்குறைய 23 பேர் எழுத்தறியாதவர். கிராமங்களில் இத்தொகை இன்னும் மிகுதி. 1961-ஐக் கல்வி ஆண்டென அரசாங்கத்தார் அறிவித்தனர். பள்ளிகள் மூடப்பட்டன, சுமார் 1,00,000 மாணாக்கர் பெற்றோர் அனுமதி பெற்றுத் தொண்டர்படையிற் சேர்ந்தனர். அவருட் பாதிக்கு மேற்பட்டோர் பெண்கள். வரதேரோ என்னும் கடற்கரை ஊரிற் சின்னாட் பயிற்சி பெற்று, ஒரு விளக்கும், படுக்கத் தூளியும், பாடநூலும் தாங்கி மலைநாடு புகுந்தனர். பகலிற் குடியானவரோடு வயலில் உழைத்தனர். இரவில் அவ்விளக்கொளியிற் கற்பித்தனர். எழுத்தை ஈந்த பட்டணத்துப் பிள்ளைகள் உழைப்பின் அருமையைக் கைம்மாறாகப் பெற்றனர்.

இத்தொண்டு உயிர்ப்பலியும் கேட்டது. அவ்வாண்டு ஜனவரியில் கொன்ராதோ பெனித்தேஸ் என்ற 18 வயது ஆசிரியரும், நவம்பரில் மானுவேல் அஸ்குன்சே என்ற 16 வயது மாணவரும் புரட்சியின் பகைவராற் கொல்லப்பட்டனர். ஆயினும் ஏனையோர் பணி நிற்கவில்லை. டிசம்பர் 22-ஆம் நாள் இயக்கம் நிறைவெய்திற்று. 7,00,000-க்கு மேற்பட்டோர் எழுத்தறிந்தனரென்றும், அறியாதோர் நூற்றுக்கு நால்வராய்க் குறைந்தனரென்றும் அரசாங்கத்தார் கணக்கிட்டனர்.

எனினும் இதன் மறுபுறத்தையும் நாம் நோக்கல் வேண்டும். அப்பாடநூல் எழுத்தோடு அரசாங்கத்தின் கொள்கையையும் ஊட்டிற்று. அதே ஆண்டு ஜூன் மாதத்தில், புரட்சிக்கு மாறாக எழுத எவர்க்கும் உரிமையில்லை என்னும் கருத்தை எழுத்தாளர்க்குக் காஸ்ட்ரோ உணர்த்தினார். ஆண்டு முடியுமுன் புகழ்பெற்ற இலக்கிய வார இதழொன்று நிறுத்தப்பட்டது. படிக்கக் கற்றவன் கொடுத்ததை மட்டும் படிக்க வேண்டுமெனின், ஏற்றிய விளக்கைப் பாதி மூடியதாகாதோ?

ஆகவே இரண்டு உண்மைகள் நமக்குப் புலனாகின்றன. இலட்சியம் கைக்கு எட்டிய ஒரு வேலையைப் பற்றிக்கொள்ளும்போதே உயிர் பெறுகின்றது. அவ்வேலையை ஏவுவோரை வினவும் உரிமை இருக்கும்வரையே அது தூய்மையாய் நிலைக்கின்றது. தொண்டு செய்யத் துணிவும், கேள்வி கேட்கத் துணிவும் ஒருங்கே பெற்ற வாலிபரே எத்தேசத்திற்கும் உண்மைச் செல்வமாவர். மாணவ நண்பர்காள், அவ்விரு துணிவையும் ஒருங்கே நாடுவோமாக!